வெட்டுண்ட வரலாறு: ஐசென்ஸ்டைனின் ‘ஒக்டோபர்’ திரைப்படம் பற்றிய ஒரு நோக்கு

இருபதாம் நூற்றாண்டின் வரலாற்றை ஆராய முற்படுவோர்க்கு, அதற்கு முந்திய காலங்களை ஆராய்வோர்க்குக் கிட்டாத சான்று ஒன்று வாய்த்துள்ளது. அதுவே திரைப்படமாகும். கல்வெட்டையும் ஓலையையும் அரச ஆவணத்தையும் எவ்வாறு வினவிப் பயன்கொள்ள வேண்டும் என்பதில் வரலாற்றுத் துறைக்கு நீண்டகாலப் பயிற்சி உண்டு. திரைப்படத்தின் முன்னிலையிலோ அந்தப் பயிற்சி பல வேளைகளிற் கைகொடுப்பதில்லை. கண்ணாற் கண்டது மெய்யாகத்தான் இருக்கும் என்ற எண்ணம் கற்றோரையும் விட்டுவைப்பதில்லை. ரஷ்யப் புரட்சியின் பத்தாண்டு நிறைவையொட்டிச் செர்கேய் ஐசென்ஸ்டைன் ஆக்கிய ‘ஒக்டோபர்’ என்னும் மௌனப்படம் இவ்விடயத்தில் நமக்குச் சிறந்ததொரு பாடமாக அமைகின்றது. 1917ஆம் ஆண்டின் அதிகாரப் போராட்டத்தைப் பொருளாகக் கொண்ட இப்படம், 1927ஆம் ஆண்டின் அதிகாரப் போராட்டத்தினால் வெட்டித் திருத்தப்பட்டது. ஆகவே ஒரே படத்தில் இரு காலங்களின் வரலாறு பொதிந்துள்ளது. அவ்விரண்டையும் பிரித்தறிய முயல்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

புரட்சிகளையும் அவற்றின் உட்பகைகளையும் திரையிற் காட்டும் ஆர்வம் மௌனப்படக் காலத்தில் மிகுந்து காணப்பட்டது. முதலாம் உலகப் போரின் பின்னர் இவ்வார்வத்துக்குப் பெரிதும் இரையானது பிரெஞ்சுப் புரட்சியே. ஜேர்மனியில் 1921இல் புகோவெட்ஸ்கி இயக்கிய ‘தான்தோன்’ என்னும் படத்தில் எமில் யானிங்ஸ் தான்தோனாகவும் வெர்னர் கிரவுஸ் ரொபெஸ்பியராகவும் தோன்றினர். அதே ஆண்டில் அமெரிக்காவில் கிரிபித் ஆக்கிய ‘புயலின் அநாதைகள்’, பிரெஞ்சுப் புரட்சியின் கதையைச் சொல்லும் பாங்கிற் போல்ஷெவிசத்துக்கு எதிராகத் தன் நாட்டவரை வெளிப்படையாகவே எச்சரித்தது. பிரான்சில் ஆபேல் கான்ஸ் 1927இல் ‘நெப்போலியன்’ என்னும் நீண்ட காவியப் படத்தை வெளியிட்டார். இவையாவும் ஒரு நூற்றாண்டுக்கு மேற்பட்ட பழைய புரட்சியைத் தனிமனிதர்களின் வீரமாகவும் வஞ்சமாகவும் காட்டின. ‘ஒக்டோபர்’ எடுத்துக்கொண்ட நிகழ்ச்சிகளோ பத்தாண்டுகளே பழையவை. அந்நிகழ்ச்சிகளில் ஈடுபட்டோரிற் பலர் உயிருடன் இருந்தனர். ஒருவருக்கொருவர் பகைவராகவும் மாறியிருந்தனர்.

படத்தின் பொருளை விளங்கிக்கொள்வதற்கு 1917ஆம் ஆண்டின் போக்கைச் சுருக்கமாக நினைவுகூர்தல் அவசியமாகும். அவ்வாண்டு பெப்ரவரிப் புரட்சியில் சார் மன்னனின் ஆட்சி வீழ்ந்தது. அதன்பின் பெத்ரோகிராட் நகரில் ஒருபுறம் இடைக்கால அரசாங்கமும் மறுபுறம் தொழிலாளர், போர்வீரர் ஆகியோரின் சோவியத்தும் நிலவின. ஏப்ரல் மாதத்தில் லெனின் பின்லாந்து நிலையத்தில் வந்திறங்கினார். ஜூலையில் வீதிக்கு வந்த தொழிலாளர்மீது சூடு நடத்தப்பட்டது, கெரென்ஸ்கி பிரதமரானார். ஒகஸ்ட் இறுதியிற் படைத்தளபதி கொர்னிலோவ் தலைநகரை நோக்கித் தன் படைகளை ஏவினான். அம்முயற்சி தோற்ற பின்னர் சோவியத்துகளிற் போல்ஷெவிக்குகளின் செல்வாக்கு வளர்ந்தது. பழைய நாட்காட்டியின்படி ஒக்டோபர் 25ஆம் நாள், அதாவது இன்றைய கணக்கில் நவம்பர் 7ஆம் நாள், ஆட்சி அவர்கள் கைக்கு மாறியது.

இந்நிகழ்ச்சிகளின் பத்தாண்டு நிறைவைக் கொண்டாடுதற்கு அமைக்கப்பட்ட குழுவின் தலைவர் நிகொலாய் பொத்வோய்ஸ்கி ஆவார். 1917இல் குளிர்கால அரண்மனையைக் கைப்பற்றும் முயற்சியை நெறிப்படுத்தியோருள் இவரும் ஒருவர். விழாவுக்கெனப் பல படங்கள் ஆக்கப்பட்டன. புதொவ்கின் ‘சென் பீற்றர்ஸ்பர்க்கின் முடிவு’ என்னும் படத்தை எடுத்தார். எஸ்பிர் ஷூப் என்னும் பெண்மணி பழைய செய்திப்படத் துண்டுகளைத் தேடித் தொகுத்து ‘ரொமானொவ் வம்சத்தின் வீழ்ச்சி’யை உருவாக்கினார். ‘போர்க்கப்பல் பொத்தெம்கின்’ மூலம் உலகப் புகழ் பெற்றிருந்த ஐசென்ஸ்டைனிடம் ‘ஒக்டோபர்’ ஒப்படைக்கப்பட்டது. அப்போது அவருக்கு வயது 29. கிரிகோரி அலெக்சாந்த்ரோவ் அவருடன் இணைந்து பணியாற்றினார். எதுவார்த் தீஸே ஒளிப்பதிவை மேற்கொண்டார். தொழில்முறை நடிகரைப் பெரும்பாலும் தவிர்த்து, தோற்றப் பொருத்தம் கொண்ட பொதுமக்களைத் தெரிவது ஐசென்ஸ்டைனின் வழக்கம். லெனினாகத் தோன்றிய நிக்கான்த்ரோவ் ஒரு தொழிலாளி. பொத்வோய்ஸ்கியோ படத்தில் தாமாகவே தோன்றினார். நிகழ்ச்சியை நடத்தியவர், பத்தாண்டு கழித்து அந்நிகழ்ச்சியின் படத்தை ஆக்குவித்து, அதில் நடிக்கவும் செய்தார்.

அதிகாரம் என்பதை ஐசென்ஸ்டைன் எவ்வாறு காட்டுகிறார் என்பதே இப்படத்திற் சுவைமிக்க பகுதியாகும். உரையாடலுக்கு இடமில்லாத மௌனப்படத்தில் அவர் கருவியாகக் கொண்டது ‘மொன்டாஜ்’ எனப்படும் படத்தொகுப்பு முறையாகும். தம்முட் தொடர்பற்ற இரு படிமங்களை அடுத்தடுத்து வைக்குமிடத்து, இரண்டிலும் இல்லாத மூன்றாவது கருத்தொன்று காண்போர் உள்ளத்தே பிறக்கும் என்பது அவரது கொள்கை. படத்தின் தொடக்கத்தில் மூன்றாம் அலெக்சாந்தரின் பெருஞ்சிலை கயிறுகளாற் பிணிக்கப்பட்டு உறுப்புறுப்பாக வீழ்கின்றது. பின்னர் கொர்னிலோவின் படையெழுச்சி காட்டப்படும்போது அதே காட்சி பின்னோக்கி ஓட்டப்படுகின்றது. வீழ்ந்த தலையும் கைகளும் தாமே எழுந்து உடலுடன் பொருந்த, சிலை மீண்டும் அரியணையில் அமர்கின்றது. பழைய ஆட்சி மீளவரும் ஆபத்தை உணர்த்துதற்கு இதனினும் எளிய வழி இருத்தல் அரிது. ஆயினும் அச்சிலை பெத்ரோகிராட்டில் நின்றதன்று. அது மொஸ்கோவில் நின்றது, அகற்றப்பட்டதும் 1918இலேயாகும். வரலாற்று விவரத்தை மீறிக் கருத்தை நாட்டும் இப்போக்கு படம் முழுவதிலும் காணப்படுகின்றது.

கெரென்ஸ்கியைக் காட்டும் பகுதி இதற்கு மற்றோர் எடுத்துக்காட்டு. அரண்மனையின் பெரும்படிக்கட்டில் அவர் ஏறுகிறார். ஒவ்வொரு கட்டத்திலும் அவர் பெற்ற பதவியின் பெயர் எழுத்தில் வந்து மறைகின்றது. ஆனால் அவர் ஏறும் படிகளோ முன்னர் ஏறிய அதே படிகள். பதவிகள் உயர, மனிதன் நின்ற இடத்திலேயே நிற்கிறான். அவர் கதவருகே காத்துநிற்கையில், அரண்மனையின் அரும்பொருளான பொன்மயிற் பொறி தன் தோகையை விரித்துச் சுழல்கின்றது. கொர்னிலோவும் அவரும் நெப்போலியனின் இரு சிறு பதுமைகளாக எதிரெதிரே வைக்கப்படுகின்றனர். இருவரும் ஒரே அச்சில் வார்த்தவர் என்பது இதன் பொருள். வரலாற்றிலோ இவ்விருவரின் உறவு இத்துணை எளியதாக இருக்கவில்லை. கொர்னிலோவைத் தளபதியாக்கிய கெரென்ஸ்கியே, பின்னர் அவனைப் பதவிநீக்கி, அவனை எதிர்க்கச் சோவியத்தின் துணையை நாடினார். அவ்வேளையில் தொழிலாளர் கையிற் சேர்ந்த படைக்கலங்கள் ஒக்டோபரிற் கெரென்ஸ்கிக்கே எதிராகத் திரும்பின. பதுமைகளின் ஒப்புமை கூர்மையானதுதான். ஆனால் இச்சிக்கலான காரணகாரியத் தொடர்பு அதில் இடம்பெறவில்லை.

கடவுள், தாய்நாடு என்னும் பெயர்களிற் கொர்னிலோவ் படை நடத்தினான். ‘கடவுள்’ என்ற அச்சொல்லைத் தனியே எடுத்துக்கொண்டு, ஐசென்ஸ்டைன் ஒரு நீண்ட படிம வரிசையை அமைக்கிறார். அணிகள் மிக்க கிறிஸ்துவின் உருவில் தொடங்கி, கீழைத்தேயத் தெய்வ உருவங்களினூடாகச் சென்று, இறுதியில் மரத்தாலான தொல்குடிப் பதுமைகளில் வரிசை முடிகின்றது. இவற்றையெல்லாம் ஒரே தட்டில் வைத்து நோக்கும் மதமறுப்பை ஏற்பதும் ஏலாததும் அவரவர் கருத்து. ஆனால் கதை எதுவுமின்றி, படங்களை அடுக்குவதனால் மட்டும் ஒரு தருக்கத்தை நடத்திக்காட்ட முடியும் என்பதற்கு இப்பகுதியே சான்றாக இன்றும் எடுத்துக் காட்டப்படுகின்றது.

கருத்துருவங்களால் மட்டும் படம் அமைந்துவிடவில்லை. ஜூலை நாட்களைக் காட்டும் பகுதி உள்ளத்தை உலுக்குவதாகும். தொழிலாளர் வாழும் பகுதிகளை நகரின் நடுவிடத்திலிருந்து துண்டித்தற்கு நேவா ஆற்றின் தூக்குப்பாலம் உயர்த்தப்படுகின்றது. சுட்டுக் கொல்லப்பட்ட பெண்ணொருத்தியின் கூந்தல் பாலத்தின் இரு கூறுகளுக்கும் குறுக்கே கிடந்து மெல்லமெல்ல இழுபடுகின்றது. வண்டியிற் பூட்டிய வெண்குதிரை, இறந்த நிலையில், உயர்ந்துசெல்லும் பாலத்தில் அந்தரத்தே தொங்கி, இறுதியில் ஆற்றில் வீழ்கின்றது. தலைவர் எவரும் இல்லாத இக்காட்சியிற் புரட்சி தன் உண்மையான விலையுடன் வெளிப்படுகின்றது. மக்கட் கூட்டமே கதாநாயகன் என்ற ஐசென்ஸ்டைனின் கோட்பாடு முழுமையாக நிறைவேறும் இடம் இதுவெனலாம்.

இனி, படத்தின் உச்சமாகிய அரண்மனை முற்றுகையை நோக்குவோம். ஆயிரக்கணக்கானோர் பெருஞ்சதுக்கத்தைக் கடந்து வெள்ளமெனப் பாய்கின்றனர். அலங்கார வாயிற்கதவுகள்மீது ஏறுகின்றனர். உண்மையில் அந்த இரவு இவ்வாறு கழியவில்லை. கெரென்ஸ்கி அன்று காலையிலேயே மோட்டார் வண்டியிற் புறப்பட்டுவிட்டார். அரண்மனையைக் காத்துநின்ற பயிற்சி அதிகாரிகள், கொசாக்குகள், பெண்கள் படைப்பிரிவினர் ஆகியோரிற் பலர் மாலைக்குள்ளேயே கலைந்து சென்றனர். ‘அவுரோரா’ கப்பல் வெற்று வேட்டொன்றைத் தீர்த்தது. தாக்கவந்தோர் சிறுசிறு குழுக்களாகக் காவலற்ற வாயில்கள் வழியே உட்புகுந்தனர். அதிகாலை இரண்டு மணியளவில் அமைச்சர்கள் கைதாகினர். உயிரிழந்தோர் மிகச் சிலரே.

அவ்வாறாயின் அப்பெரும் பாய்ச்சல் எங்கிருந்து வந்தது? 1920 நவம்பர் 7ஆம் நாள், எவ்ரெய்னொவ் என்னும் நாடகாசிரியரின் நெறியாள்கையில், அதே சதுக்கத்தில் ‘குளிர்கால அரண்மனை முற்றுகை’ என்ற பெருங்காட்சி பல்லாயிரம் மக்கள் முன்னிலையில் நிகழ்த்தப்பட்டது. ஆயிரக்கணக்கானோர் அதிற் பங்குபற்றினர். புரட்சி எவ்வாறு நிகழ்ந்திருக்க வேண்டும் என மக்கள் விரும்பினார்களோ, அவ்வாறே அது அங்கு நடித்துக் காட்டப்பட்டது. ஐசென்ஸ்டைனின் காட்சி அந்நாடகத்தின் வாரிசு எனக் கொள்ளலாம். 1920ஆம் ஆண்டு நாடகத்தின் ஒளிப்படமும், 1927ஆம் ஆண்டுப் படத்தின் துண்டுகளும் பின்னர் நூல்களிலும் செய்திப்படங்களிலும் 1917இன் மெய்யான பதிவுகள் போலவே எடுத்தாளப்பட்டன. நாடகம் படமாகி, படம் ஆவணமாகிய இவ்வழியை வரலாற்று மாணவர் கருத்திற் கொள்ளல் வேண்டும். இதிற் படைப்பாளியை மட்டும் குறைகூறுவது பொருந்தாது; அவர் எடுத்தது செய்திப்படமன்று, விழாக் காவியம். அதனைச் செய்திப்படமாகக் கையாண்டவர்களே பிழைசெய்தவர்கள்.

இதுவரை கூறியது மிகைப்படுத்தலின் கதை. இதனினும் பாரதூரமானது மறைத்தலின் கதையாகும். படப்பிடிப்பு நடைபெற்ற 1927ஆம் ஆண்டிற் சோவியத் கட்சியில் லெனினுக்குப் பிந்திய தலைமைப் போட்டி முற்றியிருந்தது. ஒக்டோபர் மாதத்தில் ட்ரொட்ஸ்கி மத்திய குழுவிலிருந்து நீக்கப்பட்டார். நவம்பர் 7ஆம் நாள், பத்தாண்டு நிறைவு விழாவன்றே, எதிரணியினர் மொஸ்கோவிலும் லெனின்கிராட்டிலும் நடத்திய ஊர்வலங்கள் கலைக்கப்பட்டன. ஒரு வாரத்துள் ட்ரொட்ஸ்கி கட்சியிலிருந்தே வெளியேற்றப்பட்டார். 1928 ஜனவரியில் அல்மா-ஆத்தாவுக்கும், 1929இல் நாட்டுக்கு வெளியேயும் அனுப்பப்பட்டார்.

விழாவுக்கென ஆக்கப்பட்ட ‘ஒக்டோபர்’ விழாவின்போது முழுமையாகக் காட்டப்படவில்லை. சில பகுதிகளே காட்டப்பட்டன. விழா நாளன்று ஸ்டாலின் படத்தொகுப்பறைக்கு வந்து, ட்ரொட்ஸ்கி படத்தில் இடம்பெறுகிறாரா என வினவி, அக்காட்சிகளை நீக்கப் பணித்தார் என அலெக்சாந்த்ரோவ் பிற்காலத்தில் எழுதியுள்ளார். நெடுங்காலம் கழித்து ஒருவர் கூறிய சாட்சியம் என்ற வகையில் இதனை அவதானத்துடனேயே ஏற்க வேண்டும். ஆனால் விளைவு ஐயத்துக்கு இடமற்றது. படம் மீண்டும் தொகுக்கப்பட்டு 1928 மார்ச்சிலேயே பொதுமக்கள் பார்வைக்கு வந்தது. அதில் ட்ரொட்ஸ்கி சில கணங்களே தென்படுகிறார். அங்கும் அவர் தலைமை தாங்குபவராகக் காட்டப்படவில்லை.

அவர் 1917இல் வகித்த இடம் யாது? பெத்ரோகிராட் சோவியத்தின் தலைவர் அவரே. எழுச்சியை நடத்திய இராணுவப் புரட்சிக் குழு அச்சோவியத்தின் உறுப்பாகவே இயங்கியது. இதற்கு அவருடைய ஆதரவாளரின் சாட்சியம் தேவையில்லை. புரட்சியின் முதலாண்டு நிறைவில், 1918 நவம்பரில், ‘பிராவ்தா’வில் எழுதிய கட்டுரையில், எழுச்சியின் நடைமுறை ஒழுங்கமைப்பு முழுவதும் ட்ரொட்ஸ்கியின் நேரடித் தலைமையில் நடைபெற்றதாகக் கூறியவர் ஸ்டாலினே. 1924இல் அவரே இதற்கு மாறாகப் பேசினார். பின்னாளில் அவரது எழுத்துக்களின் தொகுதி வெளிவந்தபோது அப்பழைய கட்டுரையிலிருந்து அப்பகுதி விடப்பட்டது. படத்தில் நேர்ந்ததே நூலிலும் நேர்ந்தது. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கும் இம்முயற்சி ஒரு தலைமுறைக் காலமேனும் வெற்றிபெற்றது.

அவ்வெற்றிக்குக் காரணம் அதிகாரத்தின் வலிமை மட்டும்தானா? படத்தின் கலைமுறையும் அதற்கு இடமளித்தது எனவே கூறத் தோன்றுகின்றது. ஏட்டில் ஒரு வரி சிதைந்தால் சிதைந்த இடம் வெற்றிடமாகத் தெரியும். கல்வெட்டிற் செதுக்கி அழித்தால் வடு எஞ்சும். படச்சுருளிலோ ஒரு துண்டை நீக்கி இரு முனைகளையும் ஒட்டியதும் வடு மறைந்துவிடுகின்றது. அம்மட்டோ, ஒட்டப்பட்ட இரு முனைகளும் சேர்ந்து புதியதொரு பொருளைத் தரவும் தொடங்குகின்றன. அடுத்தடுத்து வைப்பதாற் பொருள் பிறக்கும் என்ற ஐசென்ஸ்டைனின் கொள்கை, ஆக்கத்துக்குப் போலவே அழிப்புக்கும் பயன்பட்டது. மேலும் மக்கட் கூட்டமே நாயகன் என்னும் கோட்பாட்டின் நிழலில் ஒரு தலைவரின் இன்மை உறுத்தவில்லை. ஆனால் அக்கோட்பாடு எல்லாத் தலைவர்க்கும் ஒரேவகையிற் செயற்பட்டிருப்பின் லெனினுக்கும் இடமிருந்திராது. லெனின் நின்றார், வேறு பெயர்கள் நீங்கின. நீக்கத்தின் காரணம் கலையன்று, அரசியலே என்பதை இவ்வேறுபாடு காட்டிவிடுகின்றது.

படம் வெளிவந்தபோது அதனை எதிர்த்தோரும் இருந்தனர். லெனினின் புறத்தோற்றத்தை மட்டும் ஒருவர் தாங்கி நிற்பதைக் கவிஞர் மாயகோவ்ஸ்கி கடுமையாகச் சாடினார். லெனினின் துணைவியார் குரூப்ஸ்காயாவும் அப்பாத்திரத்தில் நிறைவு காணவில்லை. படிமங்கள் பொதுமக்களுக்கு விளங்கவில்லை என்றும், கருத்தைவிட உருவத்துக்கே முதன்மை வழங்கப்பட்டது என்றும் குற்றச்சாட்டுகள் எழுந்தன. பின்வந்த ஆண்டுகளில் அக்குற்றச்சாட்டு சோவியத் கலைஞர் பலரை வாட்டும் ஆயுதமாயிற்று.

திரையில் நேர்ந்த நீக்கம் திரையோடு நின்றுவிடவில்லை. 1917 ஒக்டோபர் 10ஆம் நாள், பழைய நாட்காட்டிப்படி, ஆயுத எழுச்சிக்குத் தீர்மானித்த மத்திய குழுக் கூட்டத்திற் பன்னிருவர் பங்குபற்றினர். பதின்மர் ஆதரித்தனர், சினொவியேவும் காமெனேவும் எதிர்த்தனர். அப்பன்னிருவரில் லெனின், ஸ்வேர்த்லொவ், உரித்ஸ்கி, த்சேர்ஜின்ஸ்கி ஆகிய நால்வரும் படம் தொடங்குமுன்னரே இறந்துவிட்டனர். எஞ்சிய எண்மரில் சினொவியேவும் காமெனேவும் 1936இற் சுட்டுக் கொல்லப்பட்டனர். லோமொவ், பூப்னொவ் ஆகியோர் அதனையடுத்த களையெடுப்பில் மாண்டனர். சொக்கோல்னிக்கொவ் 1939இற் சிறையிற் கொல்லப்பட்டார். ட்ரொட்ஸ்கி 1940இல் மெக்சிக்கோவில் கொலையுண்டார். இயற்கையாக இறந்தவர்கள் ஸ்டாலினும் கொல்லொந்தாயும் மட்டுமே. எழுச்சியை எதிர்த்த இருவரும் ஆதரித்த நால்வரும் ஒரே முடிவை எய்தினர். அரண்மனையில் அமைச்சர்களைக் கைதுசெய்த அன்தோனொவ்-ஒவ்சேயென்கோ 1938இற் சுட்டுக் கொல்லப்பட்டார். அவர் கைதுசெய்யத் தேடிய கெரென்ஸ்கியோ 1970 வரை வாழ்ந்து நியூ யோர்க்கில் இறந்தார்.

இவ்வுட்பகையின் அலை நம் நாட்டையும் வந்து தொட்டது என்பதை ஈண்டு குறிப்பிடல் தகும். 1935இல் தோன்றிய லங்கா சமசமாஜக் கட்சி, 1939 இறுதியில் மூன்றாம் அகிலத்தின்மீது நம்பிக்கையின்மையைத் தெரிவித்தது. அடுத்த ஆண்டு மொஸ்கோவை ஆதரித்தோர் அதிலிருந்து வெளியேற்றப்பட்டனர். அவர்களே 1943இல் கம்யூனிஸ்ட் கட்சியை அமைத்தனர். மொஸ்கோவிற் படச்சுருளிலிருந்து வெட்டப்பட்ட ஒரு பெயர், இலங்கையில் இடதுசாரி இயக்கத்தைப் பிளக்கும் கோடாயிற்று. எந்த ஆட்சியாயினும் தன் எல்லைக்குள்ளேயே பெயர்களை அழிக்கமுடியும் என்பதற்கு இது ஓர் உதாரணம்.

‘ஒக்டோபர்’ போன்றதொரு படத்தை வரலாற்று மாணவர் எவ்வாறு அணுக வேண்டும்? அது காட்டும் காலத்தை மட்டுமன்றி அது ஆக்கப்பட்ட காலத்தையும் அறிதல் முதற்கடன். ஆக்குவித்தவர் யார், ஆக்கியபோது அதிகாரம் எவர் கையில் இருந்தது என வினவுதல் இரண்டாவது. திரையில் இல்லாதவர் யார் எனத் தேடுதல் மூன்றாவது, இதுவே கடினமானது. இல்லாததைத் திரை காட்டாது. அதனை அறிதற்குத் திரைக்கு வெளியே கூட்டக் குறிப்புகளையும் பழைய செய்தித்தாள்களையும் நாடவேண்டும். 1918ஆம் ஆண்டுப் ‘பிராவ்தா’ இதழொன்று எங்கோ ஒரு நூலகத்திற் காக்கப்பட்டிருந்தமையாலேயே 1928ஆம் ஆண்டுப் படத்தின் குறை வெளிப்பட்டது. நூலகத்தையும் ஆவணக் காப்பகத்தையும் பேணும் பணி எத்துணை முக்கியமானது என்பதற்கு வேறு சான்று வேண்டியதில்லை.

இவ்வாறு கூறுவதனாற் படத்தின் பெருமை குன்றிவிடாது. பாலத்தில் தொங்கும் வெண்குதிரையும், படிகளில் முடிவின்றி ஏறும் அமைச்சரும், தானே எழுந்தமரும் சிலையும் திரைக்கலை உள்ளளவும் நிலைக்கத்தக்கவை. தம் கத்தரிக்கோலால் ஒரு மனிதரை வரலாற்றிலிருந்து நீக்க உடன்பட்ட கலைஞர், அதே அதிகாரத்தின் கத்தரிக்கோலுக்குத் தாமும் ஆளானார். 1937இல் அவரது ‘பெஷின் புல்வெளி’ தடுத்து நிறுத்தப்பட்டது. ஒரு கொடுங்கோலனின் தனிமையையும் ஐயத்தையும் சித்திரித்த ‘பயங்கர இவான்’ படத்தின் இரண்டாம் பாகம் 1946இல் தடைசெய்யப்பட்டது. அது மக்கள் முன் வந்தது 1958இல். ஐசென்ஸ்டைன் இறந்து அப்போது பத்தாண்டுகளாகியிருந்தன.